ஸ்பைக்ஸுக்குப் பரஸ்தானம்

இந்தியாவுக்காக நான் வெளிநாட்டில் ஓடியது இரண்டே முறை. மூன்றாவது முறை ஏன் போகவில்லை என்று கேட்பவர்களிடம், காலில் பிடிப்பு என்று சொல்லிச் சமாளித்துக்கொண்டிருந்தேன். பொய். என் கால்கள் நன்றாகத்தான் இருந்தன. கெட்டுப்போயிருந்தது எங்கள் ஓட்டக் கழகச் செயலாளரின் மூளை. பஸ்ஸைப் பிடிக்கக்கூட ஓடியறியாத அந்த மனிதர் கையெழுத்துப் போடாமல் உறையூர்ப் பெண் ஒருத்தி எந்தப் போட்டியிலும் கால் வைக்க முடியாது.

எழுபதுகளின் கடைசி அது. நூறு மீட்டருக்கான இறுதித் தேர்வு டெல்லியில். முதல் மூன்று பேருக்கு விமான டிக்கெட். செவ்வாய்க்கிழமை மாலை நாலேகாலுக்குத் திருச்சியில் ரயில் ஏறி, மறுநாள் சென்னையில் டெல்லி வண்டியைப் பிடிக்க வேண்டும். செயலாளர் ஞாயிற்றுக்கிழமையே வீட்டுக்கு வந்துவிட்டார்.

"செவ்வாய்க்கெழமை வடக்கே சூலம் சார். பொண்ணு வடக்கே போவுது. சும்மா அனுப்பிடாதீங்க. நாளைக்கே பரஸ்தானம் வெச்சிடுவோம்" என்றார் அப்பாவிடம்.

ஆகாத நாளில் பயணம் என்றால், நல்ல நாளிலேயே ஒரு பொருளை இன்னொருவர் வீட்டில் கொண்டுபோய் வைத்துவிடுவது பரஸ்தானம். பயணம் அன்றைக்கே தொடங்கிவிட்டதாக அர்த்தம். எல்லோரும் ஒரு புடவையையோ துண்டையோ வைப்பார்கள். அம்மாவும் ஒரு புடவையைத்தான் எடுத்து வந்தாள்.

"பொடவையா ஓடப் போவுது? எதால காரியம் ஆகணுமோ அதை வெக்கணும்மா. அந்த ஷூவைக் குடுங்க."

என்னிடம் இருந்தது ஒரே ஒரு ஜோடி ஸ்பைக்ஸ், அடியில் ஆணி வைத்த ஓட்டப்பந்தய ஷூ. முந்தைய பயணத்தில் வாங்கியது. அதை மாட்டினால் கால் தானாகத் தரையைக் கவ்வும். கொடுக்க மனமில்லை. "வேணாம் சார்" என்றேன். பெரியவர் சொல்லும்போது என்ன பேச்சு என்று அப்பா அதட்டினார். அப்பா பள்ளிக்கூடத்தில் டிராயிங் மாஸ்டர். பதவியில் இருப்பவர் யாராக இருந்தாலும் எழுந்து நிற்கிற ஜாதி. திங்கட்கிழமை காலை என் ஸ்பைக்ஸ் மஞ்சள் பையில் ஏறி, காவிரிப் பாலம் தாண்டி, ஸ்ரீரங்கத்தில் செயலாளர் வீட்டுப் பூஜை அலமாரிக்குப் போய்ச் சேர்ந்தது. திரும்ப எடுத்து வர அவர் எங்களை விடவில்லை. தானே ஸ்டேஷனுக்குக் கொண்டுவந்து கையில் கொடுப்பாராம். அப்போதுதானே நாலு பேர் பார்ப்பார்கள்!

செவ்வாய் மூன்றரைக்கே நான் பிளாட்பாரத்தில் இருந்தேன். நாலு மணி. ஆளைக் காணோம். அப்பா வெளியே ஓடி ஸ்ரீரங்கத்திலிருந்து வரும் ஒவ்வொரு பஸ்ஸையும் பார்த்துவிட்டுத் திரும்பினார். முகத்தில் ஈயாடவில்லை. "ஏறிடும்மா. இதை விட்டா டெல்லி வண்டியும் போயிடும்" என்றார். ஏறினேன். விழுப்புரம் வரைக்கும் அழுதுகொண்டே போனேன்.

டெல்லியில் கேரளத்துப் பெண் ஒருத்தி, தடை ஓட்டக்காரி, தன் ஸ்பைக்ஸைக் கழற்றிக் கொடுத்தாள். எனக்கு ஒரு அளவு பெரியது. பஞ்சு அடைத்துக் கட்டிக்கொண்டேன். துப்பாக்கி வெடித்ததும் நான் கிளம்பினேன்; இடது குதிகால் உள்ளேயே வழுக்கியது. அங்கே விட்டதைக் கடைசிவரை துரத்தினேன். நாலாவது இடம். மூன்றாவதாக வந்தவளுக்கும் எனக்கும் இடையே ஒரு சாண்கூட இருந்திருக்காது.

ஊர் திரும்பியதும் அப்பாவைக் கூட்டிக்கொண்டு ஸ்ரீரங்கம் போனேன். செயலாளர் பையை நீட்டினார். ஸ்பைக்ஸுக்குக் குங்குமம் வைத்திருந்தார்.

"ஏன் சார் வரல?" என்றேன்.

"செவ்வாய்க்கெழமை மூணுலேர்ந்து நாலரை ராகு காலம்மா. அந்த நேரத்துல நல்ல காரியத்துக்கு வெச்ச பொருளை எப்படி வெளியில எடுக்கறது? நாலு முப்பத்தொண்ணுக்கு டாண்ணு கெளம்பிட்டேன். உன் நல்லதுக்குத்தானே."

ரயில் நாலேகாலுக்கு என்பது அவருக்குத் தெரியும். டிக்கெட் எடுத்ததே அவர்தான். "நேரம் சரியில்ல, என்ன செய்யறது" என்றார். அப்பா தலையாட்டினார். அந்தத் தலையாட்டலை நான் செயலாளரைவிடக் கேவலமாக நினைத்தேன், இப்போதும் நினைக்கிறேன்.

அணி புறப்பட்டது. எனக்கு இடமில்லை. அணியோடு போகும் அதிகாரிகளில் ஒருவராக எங்கள் செயலாளருக்கு இடம் இருந்தது. சர்வதேச வீராங்கனையை உருவாக்கிய கழகம் என்ற தகுதியில். வெள்ளிக்கிழமை காலை பதினோரு மணி விமானம். வீட்டு நாட்காட்டியில் பார்த்தேன்: பத்தரையிலிருந்து பன்னிரண்டு ராகு காலம். மனிதர் கொஞ்சமும் தயங்காமல் ஏறியிருக்கிறார்.

அவர் ஊர் திரும்பியபோது புத்தூரில் ஒரு மண்டபத்தில் வரவேற்பு. வெளிநாட்டு அனுபவங்களை முக்கால் மணி நேரம் பேசினார். அதில் ஓட்டம் பற்றி ஒரு வரி இல்லை, விமானத்தில் கொடுத்த சாப்பாடு பற்றி நிறைய இருந்தது. பிறகு பொன்னாடை போர்த்த என்னை மேடைக்குக் கூப்பிட்டார்கள். அடுத்த போட்டிக்கான என் விண்ணப்பம் கையெழுத்துக்காக அவர் மேஜையில் கிடந்தது.

போனேன். போர்த்தினேன். போட்டோவுக்குச் சிரிக்கச் சொன்னார்கள், சிரித்தேன்.