மெத்தைக்கு நடுவே ஒரு கோடு

ஜெர்மனியில் புருஷன் பெண்டாட்டி ஒரே கட்டிலில் படுத்தாலும் மெத்தை ஒன்றல்ல, இரண்டு. ஹானோவரில் எங்கள் கட்டிலும் அப்படித்தான். நடுவில் ஓர் இடுக்கு. புது மெத்தை வாங்கப் போன கடையில் அந்தப் பெண்மணி, "நீங்கள் எப்படிப் படுப்பீர்கள்?" என்று கேட்டார். "தெற்கே தலை வைத்து" என்றேன். அவர் கேட்டது மல்லாந்தா, ஒருக்களித்தா என்று. நானோ செருப்பைக் கழற்றிவிட்டு, கடைக்குள் தெற்கு எந்தப் பக்கம் என்று தேடிக்கொண்டிருந்தேன். ஊரிலிருந்து படிப்பவர்களே, சிரிக்காதீர்கள், உங்களுக்கும் அதுதான் வாயில் வந்திருக்கும். புது மெத்தை விறைப்பாகத்தான் இருக்கும், படுக்கப் படுக்கப் பழகும் என்று சொல்லி அனுப்பினார்.

"புருஷன் பொண்டாட்டி நடுவுல கோடு போட்ட ஊராடி அது!" என்று போனில் அம்மா சிரித்த சிரிப்பு இருக்கிறதே, திருவண்ணாமலைக்கே கேட்டிருக்கும்.

அம்மா அங்கே, திருவண்ணாமலையை ஒட்டிய வேங்கிக்காலில் தனியாக இருக்கிறாள். முட்டி வலி. தரையில் படுத்து எழக்கூடாது என்று டாக்டர் சொல்லிவிட்டார். போன லீவில் அகலமான கட்டிலும் மெத்தையும் வாங்கிப் போட்டேன். நான் விமானம் ஏறுவதற்குள் அவளை அதில் படுக்க வைத்துவிட வேண்டும், அவ்வளவுதான் என் ஆசை. அவளோ பிளாஸ்டிக் உறையைப் பிரிக்கவே விடவில்லை. நம் வீடுகளில் கார் சீட்டும் டிவி ரிமோட்டும் உறையோடேதானே வாழ்ந்து முடிகின்றன! உறைமேல் பூப்போட்ட பெட்ஷீட்டை விரித்துவிட்டு, பக்கத்திலேயே தரையில் பாய் போட்டுப் படுத்தாள். காலையில் கட்டில் காலைப் பிடித்துக்கொண்டு, "அண்ணாமலையாரே" என்று எழுவாள். பார்க்கும்போது எனக்குக் கோபம்தான் வரும்.

"மேல படும்மா."

"கல்லு மாதிரி கீதுடி. யாராச்சும் படுத்துப் பழக்கட்டும்."

அந்த யாராச்சும் பௌர்ணமிக்கு வந்து சேர்ந்தார்கள். கீழ்பென்னாத்தூர்ச் சித்தி தன் இரண்டு மருமகள்களோடு கிரிவலம் முடித்து வந்து, மூவருமாக மெத்தையில் குறுக்கே சரிந்தார்கள். காலையில் சித்தி முதுகைச் சொறிந்துகொண்டே எழுந்தாள்.

"இன்னாக்கா இது, மல்லாட்டை மூட்டை மேல படுத்த மாதிரி ஒரே சரசரப்பு! வேர்த்து ஊத்துது. அந்தக் கவரைக் கிழிச்சுப் போடேன்." எங்கள் பக்கம் வேர்க்கடலைதான் மல்லாட்டை.

"கிழிச்சா அழுக்காயிடும்" என்றாள் அம்மா.

"அதான் மூணு பேர் படுத்துப் பழக்கிட்டாங்கல்ல, இனிமே நீ படு" என்றேன்.

"அது நீ அடுத்த வாட்டி வந்தா படுக்கறதுக்குடி. அங்கதான் உனக்குக் கோடு போட்ட கட்டிலு."

இது நியாயமா? எனக்கு முதுகில் ஒரு குறையும் இல்லை. சித்தி கிளம்பும்போது அம்மாவின் பாயைச் சுருட்டி அவள் கையில் திணித்தேன். "கம்முனு எடுத்துட்டுப் போ சித்தி." சித்தி இந்த மாதிரி வேலைக்கென்றே பிறந்தவள். பாயைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு பஸ் ஏறிவிட்டாள்.

"அடிப்பாவி! பெத்தவ பாயை ஊரை வுட்டே அனுப்பிட்டியா?" என்று மதியம் அம்மா கத்தினாள். அதற்குப் பிறகும் மெத்தை ஏறினாளா? சோபாவில் படுத்துக்கொண்டாள். நான் கிளம்பும்வரை சோபாதான். தோற்றுப்போய்த்தான் விமானம் ஏறினேன்.

ஹானோவர் வந்த அடுத்த வாரம் வீடியோவில் கூப்பிட்டாள். மெத்தையில் கால் நீட்டிப் படுத்திருந்தாள்! வலி கம்மியாம். "பாத்துக்கோ. திருப்தியா?" என்று போனைத் திருப்பினாள். கத்தரிக்கோலால் உறையை நடுவே நேராக வெட்டி, தன் பக்கத்தை மட்டும் உரித்திருந்தாள். மறுபாதியில் பிளாஸ்டிக் பளபளத்தது.

"அது உன் பாதி. நீ வந்து கிழிச்சுக்கோ. அதுவரைக்கும் ஒருத்தரையும் குந்த வுட மாட்டேன்."

"இப்ப கோடு போட்டது யாரும்மா?" என்று கேட்க வாயெடுத்தேன். அழுகை முந்திக்கொண்டது. இங்கே என் மெத்தை நன்றாகவே பழகிவிட்டது. நான் படுக்கும் இடத்தில் பள்ளம்கூட விழுந்துவிட்டது. அங்கே என் பாதி இன்னும் உறை பிரிக்காமல் விறைத்துக் கிடக்கிறது.