பெரிய கிளாக்கரின் கதிரை

சூடு எப்படிப் பரவும் என்று சொல்லும் பகுதி வகையீட்டுச் சமன்பாட்டை நான் படித்தது கரும்பலகையில் அல்ல, கதிரையில். இரண்டாம் உலக யுத்த காலம். திருகோணமலைத் துறைமுகத்தில் கணக்குப் போடும் தற்காலிகக் கிளாக்கராகச் சேர்ந்த மூன்றாம் நாளே எங்கள் கணக்கு மெஷின் உடைந்துபோனது.

வெடிமருந்து அறையின் இரும்புத் தகட்டில் நடுச்சூடு எவ்வளவு என்று அன்றே சொல்லியாக வேண்டும். கரைகளில் வெப்பமானி வைத்துப் பார்த்தாயிற்று. நடுவில் பெட்டிகள் அடுக்கியிருந்தன. நூற்றிருபது பரனைட் பாகைக்கு மேல் என்றால் அவ்வளவையும் வெளியே, வெயிலில் இறக்க வேண்டுமாம்.

வெள்ளைக்கார எஞ்சினியர் கொட்டகைக்குள் கதிரைகளைச் சதுரமாகப் போட்டார். கரைக் கதிரைகளில் அளந்த எண்கள் எழுதிய சிலேட்டுகள். ஆகக் கூடியது நூற்றுப்பத்து. உள் கதிரைகளில் நாங்கள் ஒன்பது பேர். ஆளுக்கொரு எண்ணை ஊகித்து எழுதி, மணி அடிக்கும்போதெல்லாம் பக்கத்து நான்கு எண்களின் சராசரிக்கு மாற்ற வேண்டும். மாறாமல் நின்றால் அதுவே விடை. சமன்பாடு சொல்வதும் இவ்வளவுதான்.

நடுக் கதிரையில் பெரிய கிளாக்கர் தம்பிமுத்தர். என்னை நிரந்தரமாக்கும் கடிதம் அவர் கையில். அது கிடைக்காவிட்டால் என் ஊர் கட்டைபறிச்சானுக்குத் திரும்பி மாடு மேய்க்க வேண்டியதுதான்.

அவர் நூற்றைம்பது என்று எழுதினார். மணி அடித்தது. அவர் அழிக்கவில்லை.

"ஐயா, சராசரி..." என்று இழுத்தேன்.

"எழுதினா எழுதினதுதான். உங்களைப் பாத்து நான் இறங்கிறதோ?"

மணி அடிக்க அடிக்க எங்கள் எண்கள் ஏறின. எஞ்சினியர் எட்டிப் பார்த்து, முகம் சிவந்து, பெட்டி இறக்க ஆள் திரட்டப் போனார். தகட்டுக்குள் அடுப்பா எரிகிறது? நடு, கரையைவிடச் சுட ஏலாது. எனக்கு அது தெரியும். சொன்னால் கடிதம் போச்சு.

"ஐயா, உங்களை இருத்தின இடம் பிழை," என்றேன். "நடுவில இருக்கிறவன் நாலு பேரின்ர சொல்லுக்கு ஆடவேணும். கரையில இருக்கிறவை மாறத் தேவையில்லை. அவையின்ர சொல்லுக்குத்தான் நாங்கள் எல்லாரும் ஆடுறம்."

"உண்மையாவோ?"

"ஓம் ஐயா. நூற்றுப்பத்துக் கதிரை உங்களுக்கெண்டே கிடக்கு."

அவர் சால்வையைச் சரிசெய்துகொண்டு போய், சிலேட்டை மார்போடு அணைத்தபடி அமர்ந்தார். நடுவில் நான் இருந்தேன். என் இடத்துக்குப் பியோன் வந்தார். எண்கள் இறங்கி இறங்கி நின்றன; நடுவில் தொண்ணூற்றாறு. செய்தி கேட்டு, முதல் பெட்டியைத் தூக்கியவர்களை எஞ்சினியர் ஓடிப்போய் நிறுத்தினார்.

கடிதம் மறுநாளே வந்தது.

பிறகு எத்தனையோ சமன்பாடுகள் போட்டுவிட்டேன். பேனையை எடுக்குமுன் இன்றும் ஒன்றைத்தான் தேடுவேன்: இதில் மாறமாட்டேன் என்று நிற்பவர் யார்? அவரை மரியாதையாகக் கரையில் இருத்துங்கள். நடுவில் விட்டால் கணக்கும் போச்சு, பெட்டியும் வெயிலில்.