பலமான பாலம், எறங்குங்க

பாலங்களைப் பற்றி நான் எழுதிய அறிக்கைகளை யாரும் வாசித்ததில்லை. அதில் எனக்கு வருத்தமும் இல்லை. அவை வாசிப்பதற்காக எழுதப்பட்டவை அல்ல. கோப்பில் வைப்பதற்காக எழுதப்பட்டவை. ஒரு பாலத்தைப் பற்றிப் பொதுமக்கள் வாசிக்கும் ஒரே எழுத்து, அதன் முன்னால் நட்டு வைக்கும் போர்டு மட்டும்தான். அதையும் வாசித்து ஒருவர் நடந்துகொண்டார் என்று நான் கேள்விப்பட்டது ஓய்வு பெற்ற பிறகுதான்.

பொகவந்தலாவைப் பக்கம், பஸ் வீதியில் ஒரு பழைய பாலம் இருக்கிறது. இரண்டு கரையிலும் கருங்கல் சுவர். அதன்மேல் வெள்ளைக்காரத் துரைமார் காலத்து இரும்பு உத்திரங்கள். அவற்றின்மேல் மரப்பலகைகள். கல்லைப் பற்றிக் குறை சொல்ல ஒன்றுமில்லை. இரும்பு துருப்பிடித்திருந்தாலும் நேர்மையானது. எங்கே மெலிந்திருக்கிறது என்று பார்த்தாலே தெரியும். மரம்தான் அரசியல்வாதி மாதிரி. மேலே தார் பூசிப் பளபளவென்று கிடக்கும், அடியில் விரலை வைத்தால் உள்ளே போகும். கடைசியாகப் பலகை மாற்றியவர்கள் டர்பன்டைன் மரத்தை வெட்டி, காயவிடாமல், வெட்டிய சூட்டோடு அடித்துவிட்டார்கள்.

அந்தப் பாலத்துக்குப் பக்கத்திலேயே கொங்கிரீட்டில் புதிய பாலம் ஒன்று வருகிறது. வரைந்தது நான். இரண்டு கரையிலும் தாங்குசுவர்கள் எழும்பிவிட்டன. நடுப்பகுதிக்கு அனுமதி வருவதற்குள் எனக்கு ஓய்வு வந்துவிட்டது. இப்போது அந்தச் சுவர்களின் மேல் ஆடுகள் படுத்திருக்கின்றன. வெயில் நேரத்தில் கொங்கிரீட் இளஞ்சூடாக இருக்கும்; ஆடுகளுக்கு அது பிடித்திருக்கிறது. என் வடிவமைப்பால் நேரடிப் பயன் பெற்ற தரப்பினர் அவைதான்.

பழைய பாலம் வந்ததும் பஸ் நிற்கும். பயணிகள் எல்லோரும் இறங்கி, குடையும் பையுமாக நடந்து அந்தக் கரைக்குப் போக வேண்டும். வெறும் பஸ் பின்னால் ஊர்ந்து வரும். பிறகு எல்லோரும் திரும்ப ஏறி, இருந்த இடத்துக்காகச் சண்டை பிடிப்பார்கள். இந்த இடம் நெருங்கும்போது கண்டக்டர் வழக்கமாகச் சொல்வது: "பலமான பாலம், எறங்குங்க."

எங்கள் ஆட்களின் குறும்பு என்றுதான் நினைத்திருந்தேன். மழை பெய்தால் ஒழுகும் ஹோட்டலுக்கு 'கிராண்ட்' என்று பெயர் வைக்கிற ஊர் இது. பலமில்லாத பாலத்துக்குப் பலமான பாலம் என்று பெயர் வைப்பதும் அந்த ரகம்தான் என்று விட்டுவிட்டேன். போர்டை நான் முழுதாக வாசித்ததில்லை. அது சிங்களம், தமிழ், இங்கிலிஷ் என்று மூன்று வரி. அலுவலக வாழ்க்கை முழுவதும் முதல் வரியை மட்டும் வாசித்துக் கையெழுத்துப் போட்டுப் பழகியவன் நான். முதல் வரியில் 'பலவீனமான பாலம்' என்று சிங்களத்தில் சரியாகவே இருந்தது.

ஒருநாள் அந்தப் பாலத்தில், பக்கத்துத் தேயிலைத் தோட்டத்துக் கொழுந்து லொறியின் பின்சக்கரம் பலகையை உடைத்துக்கொண்டு இறங்கிவிட்டது. யாருக்கும் காயமில்லை. லொறி சாய்ந்து, கொழுந்து மூட்டைகள் ஆற்றில் விழுந்து, கீழ்ப்பக்கம் துணி துவைத்துக்கொண்டிருந்தவர்களுக்கு இலவசமாகப் பச்சைத் தேயிலை போய்ச் சேர்ந்தது. எச்சரிக்கை போர்டை மதிக்காமல் நிறை பாரத்தோடு பாலத்தில் ஏற்றியதாகக் குற்றம் சாட்டி, டிரைவரைத் தோட்ட நிர்வாகம் இடைநிறுத்தியது. குற்றம் நிரூபணமானால் வேலை போகும். வேலைக்காகக் கொடுத்த வீடு என்பதால் கூடவே வீடும் போகும்.

விசாரணைக்கு ஒரு பாலப் பொறியியலாளர் தேவைப்பட்டார். பதவியில் இருப்பவர் வருவதென்றால் கொழும்பிலிருந்து அனுமதி எடுக்க வேண்டும். ஓய்வு பெற்றவன் வருவதென்றால் அவன் மனைவியிடம் எடுத்தால் போதும். அதனால் டிக்கோயாவில் இருக்கும் என்னைக் கூப்பிட்டார்கள். என் மனைவி கேட்பதற்கு முன்பே அனுமதி கொடுத்துவிட்டாள்.

தோட்டத்து ஒஃபிசுக்கு வெளியே டிரைவரின் மனைவி குடையோடு நின்றிருந்தார். மழை இல்லை. குடையை விரித்துத்தான் வைத்திருந்தார். உள்ளே உட்காரச் சொன்னேன். "தீர்ப்ப நின்னுக்கிட்டே கேட்டுக்கிறேங்க சேர். ஒக்காந்தா எந்திரிக்க முடியாமப் போயிரும்" என்றார்.

விசாரணை நடத்தியவர் சின்னத்துரை, அதாவது தோட்டத்தின் உதவி மேலாளர்; இளவயது சிங்களவர். துரைமாருக்கே உரிய தமிழ் பேசுவார். அந்தத் தமிழில் ஆட்களிடம் வேலை வாங்கலாம், மரியாதையாகப் பேசத்தான் வழியில்லை. பக்கத்தில் வீதி அலுவலகத்திலிருந்து வந்த உத்தியோகத்தர். சிங்களம் மட்டும் தெரிந்தவர், நல்ல மனிதர், கையில் தடித்த கோப்பு. எதிரே டிரைவர், நடுவயதுக்காரர், தலையை அழுத்தி வாரியிருந்தார். அவருக்குத் துணையாகத் தொழிற்சங்கத் தலைவர். தலைவர் நீண்ட பேச்சு ஒன்றைத் தயாரித்து வந்திருக்கிறார் என்பது அவர் தொண்டையைச் செருமிய விதத்திலேயே தெரிந்தது.

முதலில் என் சாட்சியம். உடைந்தது உத்திரம் அல்ல, ஒரு பலகை மட்டும்தான் என்றேன். அது அடியில் முழுவதும் அழுகிவிட்டது. அழுகிய பலகைக்குத் தொன் கணக்குத் தெரியாது. அன்று லொறி வராமல் இருந்தால் மறுநாள் ஒரு திரீவீலர் விழுந்திருக்கும். சக்கரத்தின் பாரம் பலகையில் எப்படிப் பரவுகிறது என்பதைத் தேநீர்க் கோப்பையும் ரூலரும் வைத்து விளக்கினேன். சின்னத்துரை அந்தக் கோப்பை விழுந்துவிடுமா என்பதை மட்டும் கவனமாகப் பார்த்துக்கொண்டிருந்தார். உத்தியோகத்தர் என் சாட்சியத்தை ஒரே வரியில் குறித்துக்கொண்டார். பிறகு, பலகை எப்படி இருந்தாலும் போர்டு இருந்ததல்லவா என்று சிங்களத்தில் கேட்டார். நடைமுறைப்படி அது நல்ல கேள்விதான்.

சின்னத்துரை டிரைவர் பக்கம் திரும்பினார்.

"நீ பலமான பாலத்துல லொறிய ஏத்துனியா, இல்லியா?"

"ஏத்துனேங்க தொர."

"அது தாங்காதுன்னு தெரியாதா?"

"எப்புடிங்க தெரியும்? பலமான பாலம்னு நீங்களே சொல்றீங்களே."

தலைவர் சிரித்துவிட்டு, சிரிக்கவில்லை என்று காட்ட மறுபடி செருமினார். அது பாலத்தின் பெயர்தான், குணம் இல்லை என்று சின்னத்துரை விளக்கினார்.

"பேரு மட்டும் இல்லீங்க தொர. போர்டுலயும் அப்புடித்தான் எழுதியிருக்கு."

உத்தியோகத்தருக்கு இதை நான் சிங்களத்தில் சொன்னேன். அப்படி இருக்கவே முடியாது என்றார். போர்டு அளவு, நிறம், எழுத்து எல்லாம் விதிப்படி என்றார். ஃபோனில் படம் காட்டினார். சிங்கள வரி தெளிவு. இங்கிலிஷ் வரி தெளிவு. நடுவில் தமிழ் வரிக்கு நேராக ஒரு செடி நல்ல செழிப்பாக வளர்ந்திருந்தது. விவாதத்தை நிறுத்தி எல்லோரும் போய்ப் பார்ப்பதுதான் முறை என்றேன். முறை என்று ஒருவன் சொன்னால் மறுத்துப் பேச யாருக்கும் துணிவு வருவதில்லை. வாழ்நாளில் நான் கற்றுக்கொண்டவற்றில் இன்னும் வேலை செய்வது இது ஒன்றுதான்.

ஜீப்பில் போனோம். லொறியை எடுத்துவிட்டு, பலகை உடைந்த இடத்தில் தற்காலிகமாக ஓர் இரும்புத் தகடு போட்டிருந்தார்கள். டிரைவரே இறங்கிச் செடியை ஒதுக்கிப் பிடித்தார். உத்தியோகத்தர் என்னை வாசிக்கச் சொன்னார். வாசித்தேன்: 'பலமான பாலம். 5 தொன்.' சிங்களத்தில் சொன்னேன். இன்னொரு தடவை வாசிக்கச் சொன்னார். இரண்டாம் தடவையும் பாலம் பலமாகவே இருந்தது.

எப்படி நடந்தது என்பது பிறகு தெரியவந்தது. போர்டின் அகலம் விதிப்படி இவ்வளவுதான். 'பலவீனமான' என்ற சொல் அதற்குள் அடங்கவில்லை. எழுதியவருக்குத் தமிழ் தெரியாது. ஆனால் அழகுணர்ச்சி உண்டு. முன்னாலும் பின்னாலும் வெட்டினால் சொல் கெட்டுவிடும் என்று நினைத்து, நடுவில் இரண்டு எழுத்தை மட்டும் எடுத்துவிட்டார். எடுத்தது 'வீன'.

சின்னத்துரை விடவில்லை. அஞ்சு தொன் என்றும் போட்டிருக்கிறதே, கொழுந்தோடு உன் லொறி அதைவிடக் கூடத்தானே என்று மடக்கினார்.

"அது பாலத்தோட வெயிட்டுன்னு நெனச்சேங்க. பலமான பாலம்னா கனமாத்தானே இருக்கும்."

அந்த நேரம் பார்த்து பஸ் வந்து நின்றது. "பலமான பாலம், எறங்குங்க" என்ற குரல் கேட்டது. சனங்கள் இறங்கி எங்களைச் சுற்றிக்கொண்டு நடந்தார்கள். சின்னத்துரையின் முகத்தில் வெளிச்சம் வந்தது.

"அப்ப இவங்க எல்லாம் ஏன் எறங்குறாங்க? தெனம் பாக்குறியே."

டிரைவர் பஸ்ஸை மேலிருந்து கீழே பார்த்தார். முன்கதவைக் கயிற்றால் கட்டியிருந்தார்கள். பின்னால் புகை மலையேறிக்கொண்டிருந்தது.

"பஸ்சுக்குப் பலம் பத்தலன்னு நெனச்சேங்க தொர."

நடந்துபோன ஒரு அம்மா நின்றுவிட்டார். "பாலத்துக்குத்தான் வெசாரணைன்னு சொன்னாங்க, இப்ப பஸ்சுக்குமா?" என்று பக்கத்திலிருந்தவரைக் கேட்டார். கண்டக்டர், லொறியை ஆற்றில் இறக்கியவன் பஸ்ஸைப் பற்றிப் பேசுவதா என்று ஆரம்பித்தார். உத்தியோகத்தர் என்ன சொல்கிறார்கள் என்று என்னைக் கேட்டார். மொழிபெயர்த்தேன். அவர் குடைக்குள் முகத்தை மறைத்துக்கொண்டு வெகுநேரம் குலுங்கினார்.

வழக்கு அங்கேயே முடிந்துவிட்டது. டிரைவர் மறுநாள் வேலைக்கு வரலாம் என்று ஒஃபிசுக்குத் திரும்பியதும் சின்னத்துரை அறிவித்தார். தயாரித்துக்கொண்டு வந்தது வீணாகக் கூடாது என்று தலைவர் தன் பேச்சை அதன் பிறகு பேசினார். வெளியே டிரைவரின் மனைவி குடையை மடக்கிக்கொண்டு, முதல் தடவையாக, வாசற்படியில் உட்கார்ந்தார்.

பலகையை மாற்ற இரண்டு பேர் வந்து ஒரு பொழுதில் முடித்துவிட்டார்கள். போர்டை மாற்றுவது அவ்வளவு எளிதல்ல. புதிய வாசகத்துக்கு மொழிபெயர்ப்புப் பிரிவின் ஒப்புதல் வேண்டும். அதற்குப் பழைய வாசகம் தவறு என்பதற்கு ஒரு சான்று வேண்டும். அதுவரைக்கும் இடைக்கால ஏற்பாடாக, பழைய எழுத்தாளரே வந்து, 'பல'வுக்கும் 'மான'வுக்கும் நடுவில், கொப்பியில் ஆசிரியர் திருத்துவது போல ஒரு கூரைக்குறி போட்டு, அதன்மேல் சின்னதாக 'வீன' என்று எழுதிவிட்டுப் போனார். குறி அம்பு மாதிரி இருப்பதால் வெளியூர்க்காரர்கள் மேலே நிமிர்ந்து பார்க்கிறார்கள். மேலே டர்பன்டைன் மரம்.

அதை ஒழுங்காக வாசித்து நடப்பவர் அந்த டிரைவர் ஒருவர்தான். பாலத்துக்கு முன்னால் லொறியை நிறுத்துவார். பாதி மூட்டைகளை இறக்குவார், மிச்சத்தை அக்கரைக்குக் கொண்டுபோவார், திரும்பி வருவார். கொழுந்து ஃபெக்டரியில் வாட வேண்டியது, பாதையிலேயே வாடிவிடுகிறது. ஒரே தடவையில் கொண்டுவரச் சொல்லி சின்னத்துரை ஃபோனில் கத்தினாராம். "எழுத்துல குடுங்க தொர" என்றாராம் இவர். மூன்று மொழியிலும் வேண்டும் என்று கேட்டதாகவும் சொல்கிறார்கள். அதை நான் உறுதிப்படுத்த முடியாது.

போன கிழமை பஸ்ஸில் போனபோது வழக்கம்போல இறங்கி நடந்தேன். லொறிக்கு ஆட்கள் மூட்டை ஏற்றிக்கொண்டிருக்க, டிரைவர் என் கொங்கிரீட் சுவரில் ஆடுகளோடு உட்கார்ந்திருந்தார். கொஞ்சம் நகர்ந்து எனக்கும் இடம் கொடுத்தார். சுவர் உண்மையிலேயே இளஞ்சூடாகத்தான் இருந்தது. ரொம்ப நாளாக மனதில் கிடந்ததைக் கேட்டேன்.

"உண்மையச் சொல்லுங்க. பலமான பாலம்னுதான் நெனச்சீங்களா?"

அவர் பாலத்தைப் பார்த்தார், என்னைப் பார்த்தார்.

"சேர் இப்ப வெசாரணைக்கு வந்தீங்களா, பஸ்சுல வந்தீங்களா?"

பஸ்ஸில்தான் வந்தேன் என்றேன்.

"அப்ப ஓடிப்போய் ஏறுங்க சேர். அது போகுது."

திரும்பிப் பார்த்தேன். போய்க்கொண்டுதான் இருந்தது.