கழுவிக் கொடுத்த சேறு

கடல் சேற்றைச் சலித்து அதில் வாழும் மட்டிகளை எண்ணுவதுதான் என் ஆராய்ச்சி. வழிகாட்டியின் அறை வாசலில் கோப்போடு காத்துக் கிடந்து பழகிய சக மாணவர்களே, நீங்களாவது சிரிக்க மாட்டீர்கள் என்ற தைரியத்தில் எழுதுகிறேன்.

வீட்டுக்காரர் கவலை

நான் தேடும் மட்டி சுண்டுவிரல் நகத்தைவிடச் சின்னது. ஒரு முனை வால்போல நீண்டிருக்கும். மற்ற மட்டிகள் தண்ணீரை வடிகட்டிக் கிடைத்ததைத் தின்னும். இது சுத்த அசைவம். சேற்றில் புதைந்தபடியே குழாயை நீட்டி, பக்கத்தில் வரும் பொடி உயிர்களை லபக்கென்று உறிஞ்சிவிடும்.

படூரில் என் வாடகை வீட்டுக் குளியலறையில் நான் சேறு சலித்த மணல் அடைத்துக்கொண்ட அன்று, இதையெல்லாம் வீட்டுக்காரருக்கு விளக்கினேன். பொறுமையாகக் கேட்டுவிட்டுச் சொன்னார்: "கறி துன்ற மட்டியா? துன்னுட்டுப் போவட்டும். பைப்பு அடைப்ப யாரு எடுக்கறது?"

கடலும் என் வயிறும்

மாமல்லபுரம் பக்கத்துக் குப்பத்தில் ஏழுமலை அண்ணன் ஃபைபர் படகு வைத்திருக்கிறார். முதல் நாள் அவரோடு போனபோது, கடற்கரைக் கோயில் கண்ணிலிருந்து மறைவதற்குள் நாலு முறை வாந்தி எடுத்தேன். சேறு அள்ளும் இரும்பு வாளியை அன்றே அவரிடம் ஒப்படைத்துவிட்டேன். "நீங்க கரையிலயே குந்துங்க மேடம். சேத்த நான் எடுத்தாந்து தர்றேன்."

உடைந்த ஓடுகள்

இரண்டு வருடம் சலித்தும் கிடைத்தவை உடைந்த ஓடுகள் மட்டும்தான். பஞ்சில் பொதிந்து வழிகாட்டியிடம் கொண்டுபோனேன். தலைப்பை மாற்றச் சொன்னால் எல்லாவற்றையும் முதலிலிருந்து தொடங்க வேண்டும். அவர் ஓடுகளை மூடியே வைத்துவிட்டார். "ஓடு எங்கிருந்து வேணும்னாலும் அடிச்சுட்டு வரும்மா. மழைக்காலத்துக்குள்ள உயிரோட ஒண்ணு காட்டு. இல்லன்னா தலைப்பை மாத்திடலாம்."

அலசல்

ஒருநாள் வழக்கத்தைவிடச் சீக்கிரம் குப்பத்துக்குப் போய்விட்டேன். அண்ணன் முழங்கால் தண்ணீரில் என் சேற்று மூட்டையைப் போட்டு, போர்வை துவைப்பதுபோல மிதித்து அலசிக்கொண்டிருந்தார். எனக்கு வந்ததெல்லாம் ஏன் மணலும் ஓட்டுச் சில்லுமாகவே இருந்தது என்று அப்போதுதான் விளங்கியது. வெங்காயச் சருகு மாதிரி ஓடு அது, மிதித்தால் என்ன மிஞ்சும்?

கத்தியே விட்டேன். அவருக்கு என் கோபம் புரியவில்லை. அந்தக் குப்பத்தில் மீனைக்கூட அலசாமல் யார் கையிலும் கொடுக்க மாட்டார்கள். "படிச்ச பொண்ணு கையில அழுக்கோட எப்டி மேடம் குடுக்கறது? எங்களுக்கு மானம் கீதுல்ல?"

வாளியோடு நானும்

தப்பு என்னுடையதுதான். எப்படி அள்ள வேண்டும் என்று சொன்னேனே தவிர, எப்படிக் கொண்டுவர வேண்டும் என்று சொல்லவில்லை. மறுநாளே படகில் ஏறினேன். வாந்தி வந்தால் வரட்டும், கடலில் இடமா இல்லை?

பதினோரு நாள் போனேன். பதினோரு நாளும் வாந்தி. வானம் இருட்டிக்கொண்டு வந்த கடைசி நாள், வெள்ளைக் கிண்ணத்தில் கடல்நீரை ஊற்றிச் சேற்றை மெதுவாகக் கரைத்தேன். சின்ன வால் ஒன்று தெரிந்தது. ஓடு முழுசாக இருந்தது. கொஞ்ச நேரத்தில் அது லேசாகத் திறந்து, கண்ணாடி மாதிரி ஒரு குழாயை வெளியே நீட்டியது. எனக்கு அழுகை வந்துவிட்டது.

அண்ணன் குனிந்து, கிண்ணத்தை வெகுநேரம் பார்த்தார். பிறகு என்னைப் பார்த்தார். "இத்துனூண்டுக்கா மேடம் இம்மாம் வாந்தி?"

இருந்த இடத்திலேயே வேட்டையாடும் ஒரு ஜீவனைத் தேடி நான் இரண்டு வருடம் அலைந்ததை, ஆய்வேட்டில் 'செய்முறை' என்று தலைப்புப் போட்டு இரண்டே வரியில் முடித்துவிட்டேன்.