ஸ்டாப் ஸ்டாப்பாக ஒரு டிகிரி

பஸ் டிரைவருக்கு முதுகு போய்விட்டது. டிப்போ ஆபீசில் நாற்காலி வேலைக்குக் கேட்டால், டிகிரி எங்கே என்றார்கள். காலேஜ் ஃபீஸை விசாரித்துவிட்டு வந்தவருக்கு முதுகுவலியே மறந்துபோனது. கடைசியில் தபால்வழிப் படிப்பில் சேர்ந்தார்.

“இந்த ஒரு தடவைதான்,” என்றாள் மனைவி. “கோட்டை விட்டீங்கன்னா, மறுபடி கட்ட என்கிட்ட பணமும் இல்ல, பொறுமையும் இல்ல.”

படிக்க நேரம் ஏது? பாட ஆடியோவை ஹெட்போனில் கேட்டுக்கொண்டு ஓட்டினால் வேலைக்கே வேட்டு. அதனால் மனுஷன் பாடங்களைப் பஸ் ஸ்பீக்கரிலேயே போட்டுவிட்டார்! “பாட்டைப் போடுங்கண்ணே, காலங்காத்தால உயிரை வாங்காதீங்க,” என்று பின்சீட்டிலிருந்து கத்தினார்கள். அவர் கண்டுகொள்ளவே இல்லை. வணிகச் சட்டம் ஸ்டாப் ஸ்டாப்பாக மண்டையில் ஏறியது.

பரீட்சை ஹாலில்தான் வம்பு. பெஞ்சில் அசையாமல் உட்கார்ந்தால் ஒரு வரிகூட ஞாபகம் வரவில்லை. கண்ணை மூடி, மனசுக்குள் பஸ்ஸை எடுத்தார். அட, வருகிறதே! ஆஸ்பத்திரித் திருப்பத்தில் கூட்டுவணிகம், தண்ணீர்த் தொட்டிப் பக்கம் காசோலை. கை தானாக ஸ்டியரிங்கை வளைக்க, மேற்பார்வைக்கு நின்ற அம்மா ஓடி வந்தார்.

“சார், யாருக்கு சைகை காட்டுறீங்க?”

“யாருக்கும் இல்லம்மா. லெஃப்ட்ல திரும்புறேன்.”

அடுத்த கேள்வி ஒப்பந்த மீறல். அது சந்தை ஸ்டாப்பில் ஓடிய பாடம். அன்றைக்குப் பாடத்தில் லயித்து ஸ்டாப்பைத் தாண்டிப் போய்ப் பாலத்தில் சடாரென்று நிறுத்தியிருந்தார். முட்டைக்காரம்மா கண்டக்டரைப் பிடித்துக்கொண்டாள். “சந்தைக்குத்தானே டிக்கெட் குடுத்தே? இங்க இறக்கிவிட்டா முட்டையை யாரு தூக்குவா, உங்கப்பனா?” மிச்சப் பாடம் அந்தக் கூச்சலில் மூழ்கிவிட்டது. எழுதாமல் விட்டால் ஃபெயில். வீட்டுக்கு எந்த முகத்தோடு போவது? ஆனது ஆகட்டும் என்று சண்டையையே எழுதிவைத்தார், அப்பனை மட்டும் விட்டுவிட்டு.

பாஸ்! மயிரிழையில்தான், ஆனாலும் பாஸ். முட்டைக்காரம்மா பஸ்ஸில் ஏறியதும் டிரைவர் வாயெல்லாம் பல்லாகச் சொன்னார்: “உங்க சண்டைதாம்மா என்னைக் கரையேத்துச்சு!”

“அப்ப தப்பு உன் மேலதான்னு உன் கையாலயே எழுதிக் குடுத்திருக்கே?”

“ஆமாம்மா.”

“நஷ்டஈடுன்னு ஒண்ணு வருமே, அதையும் எழுதினியா? உன் ஸ்பீக்கரைத் தினமும் நானும்தானே கேட்டேன். அன்னிக்கு உடைஞ்ச முட்டைக்கு எடு காசு.”

பட்டதாரியாகி அவர் செய்த முதல் காரியம் அதுதான். சிரித்துக்கொண்டேதான் கொடுத்தார்.