வெள்ளிக்கிழமை உலகச் சாப்பாடு

யாழ்ப்பாணப் பட்டினத்தில் சீனச் சாப்பாடு கிடைக்கும், இத்தாலிச் சாப்பாடு கிடைக்கும், அரபுச் சாப்பாடும் கிடைக்கும் என்று சொன்னால் எங்கள் சனம் முதலில் சிரிக்கும். பிறகு, அங்கெல்லாம் யார் போவார்கள் என்று கேட்கும். அந்தக் கேள்விக்குப் பதில் சொல்லத்தான் ஓய்வுபெற்ற கையோடு நான் இந்தத் தொழிலைத் தொடங்கினேன். வெளியிலிருந்து வருகிறவர்களைக் கடை கடையாகக் கூட்டிக்கொண்டு போவேன். ஒவ்வொரு கடையிலும் கொஞ்சம் சாப்பிட வைப்பேன். அந்தச் சமையல் எந்த நாட்டிலிருந்து யார் கையோடு இங்கே வந்து சேர்ந்தது என்று சொல்லுவேன்.

வேலை பார்த்த காலம் முழுவதும் உணவுக்கடைகளுக்கு அனுமதிப்பத்திரம் எழுதும் கந்தோரில் கிளார்க்காக இருந்தவள் நான். அதனால் கடைக்காரர்கள் எல்லோருக்கும் நான் இன்னும் 'மிஸ்'தான். எந்தக் கடையின் குசினி சுத்தம், எவருடைய எண்ணெய் பழசு என்பது எனக்கு அத்துப்படி. இந்த அறிவை வீணாக்கிவிட்டு வீட்டில் தொலைக்காட்சி பார்த்துக்கொண்டிருக்க எனக்கு மனம் வரவில்லை.

வீணாக்கினால் என்ன என்பது அண்ணையின் கேள்வி. அண்ணை ஓய்வுபெற்ற அதிபர். சாப்பிடுவதை வீட்டோடு வைத்துக்கொள்ள வேண்டும் என்பது அவருடைய கொள்கை. கடைச் சாப்பாட்டைக் காட்டுவதற்கு ஒரு வழிகாட்டி வேண்டுமா என்று சபையிலும் சந்தையிலும் சொல்லிச் சிரித்தவர். ஆனால் நான் சொல்லப்போகும் நாளில் வழக்கமாக வரும் வான்காரன் ஒரு கலியாண வீட்டுக்குப் போய்விட்டான். வேறு வழியில்லாமல் அண்ணையிடம் கேட்டேன். வான் அவருடையது, அதனால் அன்றைக்கு வாயும் அவருடையது.

அந்த நாள் எனக்குச் சாதாரண நாள் அல்ல. கொழும்பில் சுற்றுலா நடத்தும் கம்பனி ஒன்றிலிருந்து ஒரு பெண் வந்திருந்தாள். தன்னோடு நெதர்லாந்துக்காரத் தம்பதி ஒன்றையும் கூட்டிக்கொண்டு வந்திருந்தாள். என்னோடு ஒரு நாள் சுற்றிப் பார்த்து, பிடித்திருந்தால் அந்தக் கம்பனிக்காரர்கள் தொடர்ந்து ஆட்களை அனுப்புவார்கள். பிடிக்காவிட்டால் என் கதை முடிந்தது. அதுவரை எனக்கு வந்தவர்கள் வழிதவறி வந்தவர்கள் மாதிரி ஒருவர் இருவர்தான். கொழும்பிலிருக்கும் மகள், அம்மா வந்து பேரனைப் பார்த்துக்கொள்ளட்டும் என்று அறையே ஆயத்தம் செய்துவிட்டாள். பேரன்மேல் எனக்குப் பாசம் இல்லாமலில்லை. ஆனால் பாசம் வேறு, காலையிலிருந்து இரவுவரை பிள்ளை தூக்குவது வேறு.

சுற்றுலா சனிக்கிழமை என்றுதான் முதலில் பேச்சு. பிறகு பயணத்தில் ஏதோ மாற்றம், வெள்ளிக்கிழமை செய்யலாமா என்று அந்தப் பெண் கேட்டாள். நான் உடனே சம்மதித்தேன். வெள்ளிக்கிழமைகளில் எங்கள் தேவாலயத்தில் பெண்கள் ஜெபக்கூட்டம் இருக்கும். அதனால் ஒரு வெள்ளியிலும் நான் சுற்றுலா வைத்ததில்லை. இந்தமுறை கூட்டத்துக்கு வர முடியாது என்று சொல்லியனுப்பியதோடு எல்லாம் சரி என்று நினைத்துவிட்டேன்.

வெள்ளிக்கிழமை சைவ வீடுகளில் மச்சம் சமைப்பதில்லை. மீன், இறைச்சி, முட்டை எல்லாமே எங்கள் ஊரில் மச்சம்தான். இது எனக்குத் தெரியாததா? வெள்ளிக்கிழமை மீன் பொரித்தால் பக்கத்து வீட்டுக்கு மணம் போகக்கூடாது என்று யன்னலைச் சாத்திவிட்டுப் பொரிக்கிறவள் நான். ஆனால் வீட்டுக்கு இருப்பது போலக் கடைக்கும் ஒரு வெள்ளிக்கிழமை இருக்கும் என்பது என் மூளையில் ஏறவில்லை. சீனச் சாப்பாட்டுக்கு ஏது வெள்ளிக்கிழமை என்ற நினைப்பு.

முதற்கடையில் நண்டு. கொழும்புப் பெண்ணுக்கு அனுப்பிய தாளில் நானே கொட்டை எழுத்தில் போட்டிருந்தேன். கடைக்காரர் வடகரையில் ஒரு கப்பலோட்டிக் குடும்பத்தில் பிறந்தவர். சரக்குக் கப்பலில் சமையற்காரராக உலகம் சுற்றி, துறைமுகம் துறைமுகமாகச் சீனச் சமையலைப் பிடித்துக்கொண்டு வந்தவர். அவருடைய நண்டைத் தின்றவர்கள் விரலைச் சூப்பிக்கொண்டுதான் எழும்புவார்கள். விருந்தாளிகளை மேசையில் இருத்திவிட்டு, நண்டு ஆயத்தமா என்று கேட்கக் குசினிக்குள் எட்டிப் பார்த்தேன்.

"மிஸ், இண்டைக்கு வெள்ளியெல்லோ," என்றார் அவர். "வெள்ளியிலை குசினிக்கை மச்சம் ஏத்திறேல்லை."

வெளியே ஓடிவந்து இரண்டாவது கடைக்குப் போன் எடுத்தேன். இறால் போட்ட பீட்சா என்று தாளில் இருந்தது. இண்டைக்கு றால் இல்லை மிஸ், கத்தரிக்காய் இருக்கு என்றாள் அங்கிருந்தவள். மூன்றாவது கடைக்காரர் போனையே எடுக்கவில்லை. முஸ்லிம் ஆள், பள்ளிவாசலுக்குப் புறப்படும் நேரம். அந்த வெள்ளியையும் நான் மறந்திருந்தேன். வானில் சாய்ந்து நின்ற அண்ணைக்கு நான் ஒன்றும் சொல்லத் தேவையிருக்கவில்லை. என் முகத்தைப் பார்த்தே விளங்கிவிட்டது. தோள் குலுங்கச் சிரித்தார்.

"வெள்ளிக்கிழமை நண்டு காட்டக் கூட்டிக்கொண்டு வந்திருக்கிறாய்," என்றார். "வானைத் திருப்பட்டோ?"

எனக்குக் கோபம் வந்தால் பயம் போய்விடும். அன்றைக்கு அண்ணை சிரிக்காமல் ஆறுதல் சொல்லியிருந்தால் நான் அழுதிருப்பேன், மன்னிப்புக் கேட்டு அவர்களைத் திருப்பி அனுப்பியிருப்பேன். அவருடைய சிரிப்புக்கு நான் இன்றைக்கும் நன்றியுள்ளவள்.

நேரே மேசைக்குப் போனேன். கொழும்புப் பெண் தாளை விரித்துவைத்து நண்டைத் தேடிக்கொண்டிருந்தாள். நண்டு வராது என்றேன். தாளில் உள்ள எதையும் இன்று எதிர்பார்க்க வேண்டாம் என்றேன். இன்று வெள்ளிக்கிழமை, உலகத்துச் சமையல்கள் யாழ்ப்பாணத்துக்கு வந்தால் வெள்ளிக்கிழமையில் என்ன செய்கின்றன என்பதைத்தான் இன்று பார்க்கப் போகிறோம் என்று, மிஷன் பள்ளிக்கூடத்தில் படித்த என் இங்கிலீஷில் நிமிர்ந்து நின்று சொன்னேன். உண்மையைச் சொன்னால் அந்த நேரத்தில் அது வெறும் சமாளிப்பு. கொழும்புப் பெண் என்னையும் தாளையும் மாறி மாறிப் பார்த்தாள். பிறகு தாளை மடித்துக் கைப்பையில் வைத்தாள். அவள் முகத்தில் எதையும் பிடிக்க முடியவில்லை.

குசினிக்குள் திரும்பிப் போய், உங்கள் வெள்ளிக்கிழமைச் சாப்பாட்டையே தாருங்கள் என்று கடைக்காரரிடம் கேட்டேன். அவர் வாழைப்பூவை இதழ் இதழாக மாவில் தோய்த்து மொறுமொறுவென்று பொரித்தார். நண்டுக்குப் போடும் அதே மிளகாய்க் குழம்பில், இஞ்சியும் சுன்னாகத்துச் சின்ன வெங்காயமும் சேர்த்துப் பிரட்டிக் கொண்டுவந்து வைத்தார். நெதர்லாந்துக்காரி ஒரு வாய் வைத்தாள். பிறகு கணவனுக்குக் கொடுக்காமல் தட்டைத் தன் பக்கம் இழுத்தாள்.

எனக்கு மூச்சு வந்தது. கடைக்காரரையும் மேசைக்குக் கூப்பிட்டு, கப்பலில் வெள்ளிக்கிழமை என்ன செய்வீர்கள் என்று கேட்டேன். கடலில் போனாலும் வெள்ளி வெள்ளிதான் என்றார். மாலுமிகளுக்குப் பன்றி இறைச்சி சமைத்துப் போடுவாராம், நாக்கில் வைக்க மாட்டாராம். உப்புப் பார்ப்பதற்கு ஒரு சீனக்காரனைப் பிடித்து வைத்திருந்தாராம். அவன் தலையாட்டினால் சட்டி இறங்கும், முகத்தைச் சுளித்தால் இன்னும் கொஞ்சம் உப்பு. அவன் என்றைக்காவது பிழையாகத் தலையாட்டியதில்லையா என்று நெதர்லாந்துக்காரர் கேட்டார். நான் மொழிபெயர்த்துச் சொன்னேன்.

"பிழைச்சால் எனக்குச் சனிக்கிழமைதானே தெரியும்," என்றார் கடைக்காரர்.

அந்த மேசை முழுவதும் சிரித்தது. கொழும்புப் பெண்ணும் சிரித்தாள். அண்ணை மட்டும் வாசலில் நின்று வீதியைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

இரண்டாவது கடை ஒரு குறுகலான ஒழுங்கைக்குள் இருக்கிறது. அதை நடத்துகிறவள் இத்தாலியில் பலெர்மோ நகரத்தில் ஒரு கிழவியைப் பராமரிக்கும் வேலையில் இருந்துவிட்டுத் திரும்பி வந்தவள். விறகு அடுப்பையும் தானே கட்டினாள். அன்றைக்கு அவள் பீட்சாவின் மேல் போட்டது எங்கள் ஊதாக் கத்தரிக்காய். பொரித்து, வினாகிரியும் சீனியும் விட்டு, புளிப்பும் இனிப்புமாகச் சுண்டவைத்த கத்தரிக்காய். இது வெள்ளிக்கிழமைக்காக நீ கண்டுபிடித்ததா என்று கேட்டேன். அவள் இல்லை என்று தலையாட்டினாள். இது அந்தக் கிழவியின் சமையல்தான் என்றாள். உயிர்த்த ஞாயிற்றுக்கு முந்தின நோன்புக் காலத்தில் அந்தக் கத்தோலிக்கக் கிழவியும் வெள்ளிக்கிழமை இறைச்சி தொட மாட்டாளாம். இவள் வேலைக்குச் சேர்ந்த முதல் வெள்ளி, நான் இன்றைக்கு இறைச்சி தின்பதில்லை என்று எப்படிச் சொல்வது என்று பயந்துகொண்டு நிற்க, கிழவி கத்தரிக்காயை எடுத்துக் கையில் கொடுத்தாளாம்.

"அவவின்ரை சாமி வேறை, என்ரை சாமி வேறை," என்றாள். "குசினி ஒண்டுதானே, மிஸ்."

இதை நான் இங்கிலீஷில் சொல்லிக்கொண்டிருக்கும்போதே, காலையில் நான் வாயால் விட்ட கதை உண்மையாகிக்கொண்டிருந்தது. கொழும்புப் பெண் அடுப்பைப் படம் எடுக்கவில்லை, கடைக்காரியின் முகத்தைப் படம் எடுத்தாள். அண்ணையை உள்ளே கூப்பிட்டு ஒரு துண்டு கொடுத்தேன், மரியாதைக்காக வாங்கினார். இரண்டாவது துண்டை அவரே எடுத்தார். நான் பார்க்காத மாதிரி இருந்தேன். அப்படி இருப்பது எனக்கு எவ்வளவு கடினம் என்பது என்னைத் தெரிந்தவர்களுக்குத் தெரியும்.

ஆனால் கடைசிக் கடை என்னைக் கொஞ்சம் வாட்டியது. நாங்கள் போனபோது கதவு பாதி சாத்தியிருந்தது. தொழுகை முடியும்வரை உள்ளே யாரும் இல்லை. பெரிய சட்டி மட்டும் மாவால் வாய் ஒட்டப்பட்டு அடுப்பில் இருந்தது. வெயில் உச்சிக்கு வந்துவிட்டது. நெதர்லாந்துக்காரர் கழுத்தைத் துடைத்துத் துடைத்துக் கைலேஞ்சியே நனைந்துவிட்டது. கொழும்புப் பெண் தள்ளிப்போய் நின்று போனில் எதையோ எழுதிக்கொண்டிருந்தாள். ஒரு கடைக்கு முன்னால் விருந்தாளிகளைக் காயவைத்தவள் என்று எழுதுகிறாளோ என்று எனக்கு மனம் அடித்துக்கொண்டது. கிறிஸ்தவர்களான உங்களுக்கு வெள்ளிக்கிழமை இல்லையா என்று நெதர்லாந்துக்காரி கேட்டாள். எங்களுக்கு வருடத்தில் ஒரு பெரிய வெள்ளி, அன்றைக்கு மத்தியானம் முழுவதும் தேவாலயத்து மர வாங்கில் இருந்து பசியோடு பிரசங்கம் கேட்போம் என்றேன். இன்றைக்கும் அது மாதிரித்தானா என்றாள். நல்ல மனுசி.

தொழுகை முடிந்தது. வெள்ளை உடுப்பும் தொப்பியுமாக வீதி நிறைய ஆட்கள் வந்தார்கள், எல்லோரும் இந்தக் கடையை நோக்கித்தான் வந்தார்கள். எங்களுக்கு எங்கே இடம் என்று நான் கலங்கினேன். கடைக்காரர் யாழ்ப்பாணத்தில் பிறந்து, புத்தளத்தில் வளர்ந்து, சவூதியில் சமைத்து, இங்கே திரும்பி வந்தவர். கூட்டத்துக்குள்ளிருந்து என்னைக் கண்டதும் கையைத் தூக்கினார். வந்திருக்கிறவர்கள் விருந்தாளிகள், முதற் சட்டி அவர்களுக்கு என்று எல்லோருக்கும் கேட்கச் சொன்னார். ஒருவரும் முணுமுணுக்கவில்லை, விலகி வழிவிட்டார்கள். பாய் விரித்து, நடுவில் ஒரே பெரிய தட்டை வைத்து, அதைச் சுற்றி எங்களை இருத்தினார். சகன் என்று அவர்கள் சொல்லும் பொதுத் தட்டு அது. ஒவ்வொருவரும் தன் முன்னால் இருக்கும் பக்கத்திலிருந்து கையால் எடுத்துச் சாப்பிட வேண்டும். சட்டியின் மாவை உடைத்தபோது எழுந்த ஆவியில் ஆட்டிறைச்சி மணத்தது.

அன்றைய முதல் இறைச்சி. காலையிலிருந்து காத்திருந்த வாய்களுக்கு அது எப்படி இருந்திருக்கும் என்று நான் சொல்லத் தேவையில்லை. அண்ணை, வாழ்நாளில் மற்றவர் தட்டில் கை வைக்காத அதிபர், நெதர்லாந்துக்காரரின் தோளோடு தோள் இடிக்க இருந்து சாப்பிட்டார். நடுவில் இருந்த எலும்பை அவர் பக்கம் தள்ளியும் விட்டார்.

கொழும்புப் பெண் எல்லோருக்கும் கடைசியாகக் கையை எடுத்தாள். விரலைத் துடைக்காமலே என் பக்கம் திரும்பினாள்.

"அக்கா, நாங்க ஆட்களை அனுப்புறோம்," என்றாள். "மாசத்துல ரெண்டு சனிக்கிழமை வச்சுக்குவோமா? சனிக்கிழமைன்னா நண்டும் கிடைக்கும்."

நான் காலையில் உயிரைக் கொடுத்துக் கேட்டிருப்பேன் அந்த வார்த்தையை. தலையாட்டினால் போதும், எல்லாம் முடிந்தது. அண்ணை எனக்கு மட்டும் தெரியும்படி தலையாட்டிக் காட்டினார். ஆனால் அந்தத் தட்டைச் சுற்றி இருந்தபடி என்னால் சனிக்கிழமைக்குச் சம்மதிக்க முடியவில்லை.

"சனிக்கிழமை இல்லை," என்றேன். "வெள்ளிக்கிழமை மட்டும்."

நண்டு கொழும்பில் எந்தப் பெரிய ஹோட்டலிலும் கிடைக்கும் என்றேன். இன்று நீ சாப்பிட்டது கொழும்பில் கிடைக்காது, இங்கேயே நாளைக்குக் கிடைக்காது என்றேன். அவள் விருந்தாளிகளைப் பார்த்தாள், வழித்துத் துடைத்த தட்டைப் பார்த்தாள். அந்தக் கொஞ்ச நேரத்தில் மகள் ஆயத்தம் செய்த அறை, தொட்டில், யன்னல் சீலை, வெள்ளிக்கிழமை ஜெபக்கூட்டம் எல்லாம் என் கண்முன் வந்துபோயின. சொன்னதைத் திருப்பி எடுக்கலாமா என்றுகூட ஒரு நினைப்பு வந்தது. எடுக்கவில்லை.

"சரிக்கா," என்றாள். "வெள்ளிக்கிழமை மட்டும்."

எழும்பி நின்று கைதட்ட வேண்டும் போலிருந்தது, ஆனால் கை முழுக்க நெய். அவ்வளவு சந்தோசத்தை நான் வேலைக் காலம் முழுவதிலும் அனுபவித்ததில்லை. பதவி உயர்வு வந்த நாளிலும் இல்லை.

அவர்களை விடுதியில் இறக்கிவிட்டு நானும் அண்ணையும் வீட்டுக்குத் திரும்பினோம். நான் முன்சீட்டில் ராணி மாதிரி இருந்தேன். ஆஸ்பத்திரி வீதி தாண்டியதும் அண்ணை கண்ணை வீதியிலிருந்து எடுக்காமல் கேட்டார்.

"அடுத்த வெள்ளி எத்தினை மணிக்கு வரவேணும்?"

"பத்துக்கு," என்றேன். "பிந்தினால் வேறை வான் பிடிப்பன்."