ஆம்பூரில் இந்திய ஜெர்சி விற்ற கதை

விளையாட்டுச் சாமான் கடைக்காரனுக்குத் தேசபக்தி இருக்கலாம், ஆனால் அதை ஸ்டாக் எடுத்து வைக்கக் கூடாது. சக கடைக்காரர்களே, நான் வைத்தேன்.

நீலச் சட்டை

உலகக் கோப்பை சீசன். அர்ஜென்டினா, பிரேசில் ஜெர்சிகள் பறந்தன. அந்த ஜோரில் இந்தியக் கால்பந்து அணியின் ஜெர்சியும் வரவழைத்து, வாசலிலேயே தொங்கவிட்டேன். வாணியம்பாடியிலிருந்து வந்த கல்லூரி மாணவர் ஒருவர் ஆசையாக எடுத்தார், போட்டும் பார்த்தார். கிரிக்கெட் இல்லை, கால்பந்து என்றதும் மெதுவாகக் கழற்றினார்.

"நமக்கு ஃபுட்பால் டீம்லாம் இருக்குதாண்ணா?"

வெறுங்கால்

அன்வர் பாய் ஷூ கம்பெனியில் தரம் பார்க்கிறவர். தீவிர அர்ஜென்டினா ரசிகர். அவரிடமாவது விற்றுவிடலாம் என்று வரலாறு எடுத்தேன். ஆசியப் போட்டியில் இரண்டு முறை தங்கம் வாங்கினோம், ஒலிம்பிக்கில் நான்காவது இடம் வரை போனோம், ஒரு காலத்தில் வெளிநாட்டில் போய் வெறுங்காலோடு ஆடினோம் என்றேன். தங்கம் அவர் காதில் விழவே இல்லை. வெறுங்காலிலேயே நின்றுவிட்டார்.

"ஆம்பூர்ல ஒரு வார்த்தை சொல்லியிருந்தா ஒரே ஷிஃப்ட்ல ஷூ தச்சுக் குடுத்திருப்போமே, இன்னா டீம்பா அது!"

எழுந்து நின்றவர்

விட்டேனா? இந்தியா ஆடிய ஆசியக் கோப்பைத் தகுதிச் சுற்று ஆட்டத்தைக் கடை டிவியில் போட்டேன். பார்த்தது மூன்றே பேர்: நான், பாய், ஷட்டில் வாங்க வந்து மாட்டிக்கொண்ட ஒருவர். தேசிய கீதம் வந்ததும் பாய் அர்ஜென்டினா ஜெர்சியோடு விறைப்பாக எழுந்து நின்றார். நாங்களும் அவசரமாக எழுந்தோம். கடைசி நிமிடத்தில் கோல் வாங்கித் தோற்றோம். பாயின் டீ ஆறிப்போய் ஏடு கட்டியிருந்தது. "அந்த ஜெர்சிய போட்டுக்கினு இதுக்கு ஏன் பாய் இவ்ளோ பேஜார் ஆவுறீங்க?" என்று கேட்டார் ஷட்டில்காரர்.

"அர்ஜென்டினா தோஸ்துப்பா. இது நம்ம வூட்டுப் புள்ள. மார்க் கம்மின்னா பக்கத்து வூட்ல குடுத்துடுவியா?"

முதுகில் ஒரு பெயர்

மறுநாள் செல்வி வந்தார். ஷூ கம்பெனியில் தையல் வேலை. மகள் கவிதா மாவட்டப் பெண்கள் கால்பந்து அணிக்குத் தேர்வாகியிருந்தாள். வாசலில் தொங்கிய இந்திய ஜெர்சியைக் காட்டி, ஸ்மால் சைஸ் கேட்டார். முதுகில் கவிதா என்று அச்சடிக்கவும் சொன்னார். "அதுல இந்தியா டீம்ல ஆடுறவங்க பேர்தாம்மா போடுவாங்க" என்றேன். அவர் என்னையும் கடையையும் மேலும் கீழும் பார்த்தார்.

"அவ டீமுக்குப் போறவரைக்கும் உங்க கடை இருக்கணுமேண்ணா, இப்பவே போட்டுக் குடுத்துடுங்க."

ஸ்மாலில் இருந்ததே அது ஒன்றுதான் என்பதால், இந்திய ஜெர்சியில் ஸ்மால் சைஸ் மொத்தமும் விற்றுத் தீர்ந்துவிட்டது என்று இப்போதெல்லாம் கேட்காதவர்களிடமும் சொல்லிக்கொண்டிருக்கிறேன்.